சேற்றிலும் பாறையிலும் நுண்ணுயிர்களின் வேலையைக் கண்டுகொள்வது எப்படி?

ஊற்று கசியும் இடத்தில் படியும் ஆரஞ்சு நிறக் கொழகொழப்பு, குளத்தடியைக் கிளறினால் வரும் கறுப்புச் சேறு, அடுக்கடுக்கான சுண்ணாம்புப் பாறை, கைவிடப்பட்ட சுரங்கத்திலிருந்து வழியும் சிவந்த அமில நீர். நான்குக்கும் வேதியியல் காரணம் உண்டு. நான்கிலும் நுண்ணுயிர்களின் பங்கும் இருக்க வாய்ப்புண்டு. பாறைகளையும் நுண்ணுயிர்களையும் சேர்த்துப் படிக்கும் இந்தத் துறைக்குப் புவி நுண்ணுயிரியல் என்று பெயர்.

இதற்குள் நுழைய பெரிய ஆய்வகம் வேண்டாம். ஒரு கைலென்ஸ், அமிலத்தன்மையைக் காட்டும் பி.எச். தாள் (எண் குறைந்தால் அமிலம் அதிகம்), சில கண்ணாடிப் பாட்டில்கள், நல்ல காந்தம், முடிந்தால் 400 மடங்கு பெருக்கிக் காட்டும் நுண்ணோக்கி போதும். இவற்றைவிட முக்கியம் ஒரு பழக்கம். எதைப் பார்த்தாலும் "உயிர் இல்லாமலும் இது நடந்திருக்குமா?" என்று கேட்கப் பழகுங்கள். பூமியின் மேற்பரப்பில் நுண்ணுயிர் இல்லாத இடம் அரிது. அதனால் ஒரு கனிமத்தின் மேல் பாக்டீரியா ஒட்டிக்கொண்டிருக்கிறது என்பதாலேயே அந்தக் கனிமத்தை அது உண்டாக்கியது என்று ஆகிவிடாது. புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் அவசரப்படுகிறார்கள்.

படி 1: எலெக்ட்ரானைக் கொடுப்பது யார், வாங்குவது யார்?

நுண்ணுயிர்கள் கனிமங்களை மாற்றுவது பிழைப்புக்காக. எலெக்ட்ரானைக் கொடுக்க ஒரு பொருளும் வாங்கிக்கொள்ள இன்னொரு பொருளும் இருந்தால், இடையில் நின்று ஆற்றலை எடுத்துக்கொள்ள ஏதோ ஒரு நுண்ணுயிர் இருக்கும். நாம் கொடுப்பவராக உணவையும் வாங்குபவராக ஆக்ஸிஜனையும் வைத்து வாழ்கிறோம். பாக்டீரியாக்களுக்கு அந்தக் கட்டுப்பாடு கிடையாது. கரைந்த இரும்பு, கந்தகம், ஹைட்ரஜன் எல்லாமே அவற்றுக்குக் கொடுப்பவர்கள். நைட்ரேட், மாங்கனீசு ஆக்ஸைடு, துரு, சல்ஃபேட் எல்லாமே வாங்குபவர்கள். கனிம வேதியியலை மட்டும் நம்பி வாழும் உயிர்கள் உண்டு என்பதை 1880களில் செர்கேய் வினோகிராத்ஸ்கி கந்தக பாக்டீரியாக்களை ஆராய்ந்து காட்டினார். இந்தத் துறையின் அடித்தளம் அதுதான்.

வாங்குபவர்களுக்குள் ஒரு வரிசை இருக்கிறது. இதை மனதில் பதித்துக்கொண்டால் சேற்றின் நிறங்கள் தானாகவே புரியத் தொடங்கும். ஆக்ஸிஜன் இருக்கும்வரை அதுதான் முதலில் தீரும். அப்புறம் நைட்ரேட், பிறகு மாங்கனீசு, ஃபெரிக் இரும்பு (துருவில் இருக்கும் இரும்பு), சல்ஃபேட், கடைசியில் கார்பன் டை ஆக்ஸைடிலிருந்து மீத்தேன். கீழே போகப் போகக் கிடைக்கும் ஆற்றல் குறைகிறது. இயற்கையில் இந்த எல்லைகள் கொஞ்சம் ஒன்றன்மேல் ஒன்று படிந்தே இருக்கும், ஆனாலும் வரிசை பெரும்பாலும் பொய்க்காது.

இந்தக் கணக்கு எவ்வளவு தூரம் செல்லும் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. தென்னாப்பிரிக்காவின் எம்போனெங் தங்கச் சுரங்கத்தில் 2.8 கிலோமீட்டர் ஆழத்தில், பாறைப் பிளவு நீரில், கிட்டத்தட்ட ஒரே ஒரு பாக்டீரிய இனம் தனியாக வாழ்வதை 2008-இல் அறிவித்தார்கள். சூரிய ஒளிக்கும் அதற்கும் தொடர்பே இல்லை. பாறையிலுள்ள யுரேனியத்தின் கதிர்வீச்சு நீரைப் பிளக்கிறது. அதில் வரும் ஹைட்ரஜன் கொடுப்பவர், சல்ஃபேட் வாங்குபவர். அவ்வளவுதான் அதன் வாழ்க்கை.

படி 2: ஆரஞ்சுக் கொழகொழப்பைத் தேடிப் போங்கள்

முதல் களப்பணிக்கு இரும்புதான் நல்லது. நிலத்தடி நீர் கசிந்து வெளியே வரும் ஓரங்கள், சதுப்புநில வாய்க்கால்கள், பழைய வடிகுழாய் வாய்கள் ஆகியவற்றில் துரு நிறத்தில் பஞ்சு போன்ற படிவு இருக்கிறதா என்று பாருங்கள். பக்கத்தில் தேங்கிய நீரின் மேல் வானவில் நிறத்தில் ஒரு படலம் மிதக்கலாம். பலர் அதை எண்ணெய்க் கசிவு என்று நினைத்துப் புகார் செய்கிறார்கள். ஒரு குச்சியால் படலத்தைக் கிழித்துப் பாருங்கள். எண்ணெய் என்றால் திரும்ப ஒன்றுகூடி மூடிக்கொள்ளும். இரும்புப் படலம் என்றால் கோணல்மாணலான தகடுகளாக உடைந்து அப்படியே நிற்கும்.

படிவில் ஒரு சொட்டை எடுத்து நுண்ணோக்கியில் வையுங்கள். இரண்டு வடிவங்களைத் தேடுங்கள். ஒன்று, நேரான வெறும் குழல்கள். அவை லெப்டோத்ரிக்ஸ் பாக்டீரியா விட்டுச்சென்ற உறைகள். பெரும்பாலும் உள்ளே உயிரணு இருக்காது, அது வெளியேறிப் போயிருக்கும். இன்னொன்று, முறுக்கிய நாடா போன்ற தண்டுகள். அவை கேலியோனெல்லா என்ற பாக்டீரியாவுடையவை. ஜெர்மானிய இயற்கையியலாளர் எஹ்ரென்பெர்க் 1830களிலேயே இதை நுண்ணோக்கியில் பார்த்து விவரித்திருக்கிறார். ஹவாய்க்கு அருகே கடலடி எரிமலையில் வாழும் மாரிபுரோஃபண்டஸ் என்ற பாக்டீரியாவும் இதே முறுக்குத் தண்டைச் செய்கிறது. உயிரணு தன் உடல் துருவுக்குள் புதைந்துவிடாமல் இருக்க, ஆக்ஸைடைத் தண்டாகக் கக்கிக்கொண்டே முன்னே நகர்கிறது.

இப்போது நம் கேள்வி. பாக்டீரியா இல்லாவிட்டால் துரு வராதா? வரும். நடுநிலை பி.எச். உள்ள, காற்று நன்றாகக் கலந்த நீரில் ஃபெரஸ் இரும்பு, அதாவது கரைந்த நிலையிலுள்ள இரும்பு, சில நிமிடங்களிலேயே தானாகத் துருவாகிவிடும். அந்த வேகத்தோடு பாக்டீரியாவால் போட்டி போட முடியாது. அதனால்தான் அவை ஆக்ஸிஜன் மிகக் குறைவாக இருக்கும் குறுகிய எல்லையில், நீர் வெளியே வந்த இடத்துக்கு மிக அருகில், கூட்டமாக இருக்கின்றன. அங்கே தானாக நடக்கும் வினை மெதுவானது, அவற்றுக்கு நேரம் கிடைக்கிறது. ஊற்று வாயிலிருந்து சில மீட்டர் தள்ளி இன்னொரு மாதிரி எடுத்து ஒப்பிடுங்கள். வாயருகே குழல்களும் தண்டுகளும் நிறைய, தள்ளிப் போகப் போக உருவமற்ற துகள்கள் அதிகம் என்றால், உயிரின் வேலையும் வெறும் வேதியியலும் ஒரே ஓடையில் எங்கே பிரிகின்றன என்பதை நீங்களே பார்த்துவிட்டீர்கள். எனக்கு இந்தத் துறையில் மிகவும் பிடித்த காட்சி இது.

இரும்பு எதிர்த்திசையிலும் போகும். துருவை வாங்குபவராக வைத்துச் சுவாசிக்கும் ஜியோபேக்டர் பாக்டீரியாவை 1987-இல் அமெரிக்காவின் பொட்டோமாக் ஆற்றுப் படிவிலிருந்து பிரித்தெடுத்தார்கள். திடப்பொருளை விழுங்க முடியாது என்பதால், உடலுக்கு வெளியே எலெக்ட்ரானைக் கடத்தும் வழி அதற்கு இருக்கிறது. இது பாடப்புத்தகத்தோடு நிற்கும் செய்தியில்லை. வங்கதேசத்தின் ஆற்றுப் படிவுகளில் இரும்பு ஆக்ஸைடின் மேல் ஒட்டியிருக்கும் ஆர்செனிக், இத்தகைய பாக்டீரியாக்கள் அந்த ஆக்ஸைடைக் கரைக்கும்போது நிலத்தடி நீரில் கலக்கிறது. கோடிக்கணக்கான மக்களின் குழாய்க் கிணறுகளை அது பாதித்திருக்கிறது.

படி 3: ஒரு பாட்டிலில் சேற்றுக் கோபுரம்

இதற்கு வினோகிராத்ஸ்கி கோபுரம் என்றே பெயர். ஒரே ஒரு பரிசோதனைதான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள். ஆனால் ஒரு பாட்டிலோடு நிறுத்தாதீர்கள், மூன்று வேண்டும்.

குளம், ஏரி அல்லது சதுப்பு நிலத்தின் மேல்மட்டப் பழுப்புச் சேற்றையும் அதே இடத்து நீரையும் எடுத்து வாருங்கள். ஏற்கெனவே கறுத்த ஆழச் சேறு வேண்டாம். பழுப்பில் தொடங்கினால்தான் பின்னால் வரும் கறுப்பு புதிது என்று உறுதியாகச் சொல்லலாம். கையுறை போட்டுக்கொள்ளுங்கள். கல், வேர், இலைகளைப் பொறுக்கி எறிந்துவிட்டு நீர் விட்டுக் கெட்டிக் குழம்பாகப் பிசையுங்கள்.

சேற்றில் மூன்றில் ஒரு பங்கைத் தனியே எடுத்து, கிழித்த செய்தித்தாள், ஜிப்சத் தூள், முட்டை ஓட்டுத் தூள் மூன்றையும் கலந்துகொள்ளுங்கள். காகிதம் கார்பன் உணவு, ஜிப்சம் சல்ஃபேட், ஓட்டுத் தூள் கார்பனேட். லிட்டர் அளவுள்ள உயரமான தெளிந்த பாட்டிலில் இந்தக் கலவையை அடியில் போட்டு, தட்டித் தட்டிக் காற்றுக் குமிழிகளை வெளியேற்றுங்கள். மேலே வெறும் சேறு, அதற்கு மேல் சில சென்டிமீட்டர் நீர். வாயைப் படலத்தால் தளர்வாக மூடுங்கள். இறுக்கி மூடினால் உள்ளே வாயு சேர்ந்து பாட்டில் வெடிக்கலாம்.

முதல் பாட்டிலை வெளிச்சம் வரும், ஆனால் கடுமையான வெயில் படாத சன்னலோரம் வையுங்கள். இரண்டாவதை அலுமினியத் தாளால் முழுக்கச் சுற்றி அதன் பக்கத்திலேயே வையுங்கள். மூன்றாவதற்கு உரிய சேற்றையும் நீரையும் முதலில் கொன்றுவிட வேண்டும். ஒருமுறை கொதிக்க வைத்தால் போதாது, பல சேற்று பாக்டீரியாக்கள் வெப்பத்தைத் தாங்கும் வித்தாக மாறித் தப்பித்துவிடும். அடுத்தடுத்து மூன்று நாள் கொதிக்க வையுங்கள். இடைப்பட்ட நேரத்தில் வித்துகள் முளைக்கும், முளைத்தவை அடுத்த நாள் சாகும். பிரஷர் குக்கர் இருந்தால் 121 டிகிரி செல்சியஸ் எட்டும், இன்னும் நல்லது. நிரப்பியபின் வாயைப் பஞ்சால் அடைத்து மேலே தாளால் மூடுங்கள். காற்றிலிருந்து புதிய நுண்ணுயிர்கள் விழக்கூடாது.

நான்கு முதல் எட்டு வாரம் வரை அசைக்காமல் விடுங்கள். வாரம் ஒருமுறை ஒரே இடத்திலிருந்து ஒரே வெளிச்சத்தில் படம் எடுங்கள்.

முதல் பாட்டிலின் அடியில் கறுப்பு பரவும். காகிதத்தை உடைத்து நொதிக்கவைக்கும் பாக்டீரியாக்கள் கரிம அமிலங்களையும் ஹைட்ரஜனையும் தருகின்றன. அவற்றைக் கொடுப்பவராகவும் ஜிப்சத்தின் சல்ஃபேட்டை வாங்குபவராகவும் வைத்து, டிசல்ஃபோவிப்ரியோ போன்ற பாக்டீரியாக்கள் ஹைட்ரஜன் சல்ஃபைடை வெளியிடுகின்றன. அது சேற்றிலுள்ள இரும்போடு சேர்ந்து கறுத்த இரும்பு சல்ஃபைடாகிறது. கறுப்புக்கு மேலே பச்சைப் பட்டை, அதற்கு மேல் ஊதா கலந்த சிவப்புப் பட்டை வரலாம். அவை ஹைட்ரஜன் சல்ஃபைடைக் கொண்டு ஒளிச்சேர்க்கை செய்யும் பச்சை, ஊதாக் கந்தக பாக்டீரியாக்கள். உச்சியில் சயனோபாக்டீரியாக்களும் (தாவரம்போல் ஒளிச்சேர்க்கை செய்யும் பாக்டீரியாக்கள்) பாசியும் ஆக்ஸிஜனை விடும். பட்டைகள் ஒவ்வொரு சேற்றிலும் ஒரே மாதிரி வராது, அதற்காகக் கவலைப்பட வேண்டாம்.

சுற்றி வைத்த பாட்டிலைப் பிரித்துப் பாருங்கள். கறுப்பு வந்திருக்கும், வண்ணப் பட்டைகள் இருக்காது. ஆக, கறுப்புக்கு ஒளி தேவையில்லை, வண்ணங்களுக்குத் தேவை. கொன்ற பாட்டிலில் பழுப்பு பழுப்பாகவே நிற்கும். அதே சேறு, அதே காகிதம், அதே ஜிப்சம். அறை வெப்பத்தில் சல்ஃபேட் தானாகச் சல்ஃபைடாக மாறாது என்பது ஏட்டில் படிக்கும் உண்மை. இங்கே அது கண்ணெதிரே நிற்கிறது. இந்த மூன்றாவது பாட்டில் இல்லாவிட்டால் முதல் பாட்டில் ஓர் அழகுப் பொருள் மட்டுமே.

கறுப்பு உண்மையிலேயே சல்ஃபைடுதானா? திறந்த வெளியில், ஒரு சிட்டிகை சேற்றில் சில சொட்டு வினிகர் விடுங்கள். அழுகிய முட்டை நாற்றம் வந்தால் ஆம். ஹைட்ரஜன் சல்ஃபைடு நச்சு வாயு. அளவு அதிகமானால் மூக்கு அதை உணரும் திறனையே இழந்துவிடும், ஆகவே சிட்டிகைக்கு மேல் வேண்டாம், மூடிய அறையில் வேண்டவே வேண்டாம். இன்னொரு சிட்டிகையைத் தட்டில் பரப்பிக் காற்றில் விட்டுவிடுங்கள். சில மணி நேரத்திலிருந்து ஓரிரு நாளுக்குள் கறுப்பு வெளுத்துப் பழுப்பாகும். சல்ஃபைடு ஆக்ஸிஜனேற்றம் அடைகிறது.

இந்தப் பாட்டிலில் நடப்பதுதான் கடலடிகளிலும் நடக்கிறது. கருங்கடலில் சுமார் 100 முதல் 200 மீட்டருக்குக் கீழே நீர் முழுவதும் ஹைட்ரஜன் சல்ஃபைடு கலந்தது. காலப்போக்கில் இரும்பு சல்ஃபைடு, பைரைட் என்ற இரும்பு-கந்தகக் கனிமமாக மாறிப் படிவோடு புதைகிறது. இப்படிப் பைரைட்டும் கரிமப் பொருளும் புதையுண்டு போவதால்தான், அவற்றை ஆக்ஸிஜனேற்றச் செலவாகியிருக்க வேண்டிய ஆக்ஸிஜன் காற்றில் மிஞ்சுகிறது.

படி 4: சுண்ணாம்பு

இங்கே இரண்டு விதங்களைப் பிரித்துப் பாருங்கள். சில உயிர்கள் கனிமத்தைத் திட்டமிட்ட வடிவில் உடலுக்குள் கட்டுகின்றன. கடலில் மிதக்கும் காக்கோலித்தோஃபோர்கள் என்ற நுண்பாசிகள் நுண்ணிய கால்சைட் (சுண்ணாம்புக் கனிமம்) தட்டுகளைச் செய்கின்றன. இங்கிலாந்தின் டோவர் வெண்பாறைகள் பெரும்பாலும் அந்தத் தட்டுகளின் குவியல்தான். சயனோபாக்டீரியா அப்படித் திட்டமிடுவதில்லை. ஒளிச்சேர்க்கைக்காக நீரிலிருந்து கார்பனை எடுக்கும்போது சுற்றிலும் பி.எச். ஏறுகிறது, கால்சியம் கார்பனேட் பக்கவிளைவாகப் படிகிறது. அவை சுரக்கும் பசை நீரில் வரும் துகள்களையும் பிடித்து ஒட்டவைக்கும். இப்படி அடுக்கடுக்காக எழுவதுதான் ஸ்ட்ரோமடோலைட். ஆஸ்திரேலியாவின் ஷார்க் வளைகுடாவில், கடல்நீரைவிட ஏறத்தாழ இரு மடங்கு உப்பான ஹேமெலின் குடாவில், இன்றும் வளர்கின்றன. ஆண்டுக்கு ஒரு மில்லிமீட்டர்கூட இல்லை. அங்கே போக வாய்த்தால் கால் வைக்காதீர்கள், மாதிரி எடுக்காதீர்கள்.

உங்கள் கோபுரத்தின் உச்சி நீரில், நல்ல வெளிச்சம் உள்ள நாளில் காலையிலும் பிற்பகலிலும் பி.எச். தாளை நனைத்துப் பாருங்கள். பாசி செழித்திருந்தால் பிற்பகலில் ஏறியிருக்கும். சுண்ணாம்பு படிவதற்கான முதல் தூண்டுதல் அதுதான்.

படி 5: காந்தத்தால் பாக்டீரியாவை வரவழைத்தல்

1975-இல் ரிச்சர்ட் பிளேக்மோர், சதுப்புச் சேற்றில் சில பாக்டீரியாக்கள் எப்போதும் ஒரே திசையில் நீந்துவதைக் கவனித்து, அவை காந்தப்புலத்தைப் பின்பற்றுகின்றன என்று காட்டினார். உள்ளே மேக்னடைட் என்ற காந்த இரும்பு ஆக்ஸைடின் படிகங்கள் வரிசையாகக் கோத்திருக்கும். ஒவ்வொன்றும் பெரும்பாலும் 35 முதல் 120 நானோமீட்டர். அதைவிடச் சிறிதானால் காந்தத்தன்மை நிலைக்காது, பெரிதானால் ஒரு படிகத்துக்குள்ளேயே பல காந்தப் பகுதிகளாகப் பிரிந்து வலு குறையும். உயிரணு சரியான அளவில் நிறுத்திக்கொள்கிறது.

செய்முறை எளிது. அகன்ற வாயுள்ள பாட்டிலில் பாதி சேறு, பாதி நீர் வைத்துச் சில வாரங்கள் இருட்டில் விடுங்கள். சேற்றுக்குச் சற்று மேலே பாட்டிலின் வெளிப்புறத்தில் காந்தத்தின் தென்முனையை ஒட்டவையுங்கள். நீங்கள் பூமியின் தென்பாதியில் இருந்தால் வடமுனை. அரை மணி முதல் ஒரு மணி நேரம் கழித்து, காந்தம் இருந்த இடத்தின் உட்புறத்திலிருந்து உறிஞ்சுகுழலால் ஒரு சொட்டு எடுத்து நுண்ணோக்கியில் வைத்து, பக்கத்தில் காந்தத்தைப் பிடியுங்கள். சொட்டின் ஒரு விளிம்பில் கூட்டம் சேர்ந்தால் காந்தத்தைத் திருப்புங்கள். உயிருள்ளவை மறுவிளிம்புக்கு நீந்தும். வெறும் இரும்புத் துகள் நின்ற இடத்திலேயே திரும்பும், நீந்தாது.

படி 6: கரைக்கும் வேலை

பைரைட் காற்றையும் நீரையும் சந்தித்தால் கந்தக அமிலம் உண்டாகிறது. அமிலம் கூடக் கூட ஃபெரஸ் இரும்பு தானாக ஃபெரிக்காக மாறும் வேகம் மிகவும் குறைந்துவிடும். பி.எச். 3-க்குக் கீழே பல மாதங்கள், ஆண்டுகள்கூட ஆகலாம். அங்கேதான் அசிடிதியோபேசில்லஸ் என்ற பாக்டீரியா நுழைகிறது. அந்த வேகத்தைப் பத்து லட்சம் மடங்கு வரை அது கூட்டக்கூடும் என்று 1970-இல் சிங்கரும் ஸ்டம்மும் காட்டினார்கள். உண்டாகும் ஃபெரிக் இரும்பு மேலும் பைரைட்டை அரிக்கிறது, சுழற்சி தொடர்கிறது. படி 2-இல் பார்த்ததற்கு இது நேர் எதிர். நடுநிலை நீரில் வேதியியல் முந்துகிறது, அமிலத்தில் உயிர் முந்துகிறது.

ஸ்பெயினின் ரியோ டிண்டோ ஆறு இந்த வினையால்தான் சிவந்து ஓடுகிறது, அதன் பி.எச். சுமார் 2. தரம் குறைந்த தாதுவிலிருந்து தாமிரம் எடுக்கச் சுரங்கங்கள் இதே பாக்டீரியாக்களை வேலைக்கு வைக்கின்றன. சுரங்க அமில நீரைத் தேடிப் போக வேண்டாம், கன உலோகங்கள் கரைந்திருக்கும். பாறை மேல் படர்ந்த கற்பாசியை (பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழும் லைக்கன்) கைலென்ஸில் பார்த்தால் போதும். அதன் பூஞ்சை ஆக்ஸாலிக் அமிலம் சுரந்து கல்லை அரிப்பதால், விளிம்பில் மணிமணியாகக் கல் பெயர்வதைக் காணலாம்.

படி 7: பழைய பாறையைப் படிக்கும்போது

சயனோபாக்டீரியா விட்ட ஆக்ஸிஜன் சுமார் 240 கோடி ஆண்டுகளுக்கு முன் காற்றில் நிலைத்தது. அதன்பின் பூமியில் புதிய கனிம வகைகள் ஏராளமாகத் தோன்றின. இன்று அறியப்பட்டவற்றில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்குக்கு உயிர் நேரடியாகவோ மறைமுகமாகவோ காரணம் என்று ராபர்ட் ஹேசனும் அவர் குழுவினரும் 2008-இல் வாதிட்டார்கள். பட்டை பட்டையான பழைய இரும்புப் படிவுகளைப் பார்த்ததும் அந்த ஆக்ஸிஜன்தான் காரணம் என்று சொல்லத் தோன்றும். ஆனால் ஆக்ஸிஜனே இல்லாமல், ஒளியைக் கொண்டு இரும்பைத் துருவாக்கும் பாக்டீரியாக்கள் உண்டு என்று 1993-இல் தெரியவந்தது. எந்த வழி எவ்வளவு என்ற விவாதம் இன்னும் முடியவில்லை.

வடிவத்தை மட்டும் நம்பாதீர்கள். மேற்கு ஆஸ்திரேலியாவின் ஸ்ட்ரெல்லி பூல் பாறையில் 343 கோடி ஆண்டுப் பழமையான ஸ்ட்ரோமடோலைட்டுகளைப் பலரும் ஏற்கிறார்கள். பல வடிவங்கள் சூழலுக்கு ஏற்ப மாறிக் கிலோமீட்டர் கணக்கில் தொடர்வதால் அந்த நம்பிக்கை. கிரீன்லாந்தில் 370 கோடி ஆண்டுப் பாறையில் 2016-இல் அறிவிக்கப்பட்ட கூம்பு வடிவங்களை, பாறை நசுங்கி மடிந்ததால் வந்தவை என்று 2018-இல் மறுத்தார்கள். செவ்வாயிலிருந்து வந்த ஏ.எல்.எச். 84001 விண்கல்லின் மேக்னடைட் படிகங்களை உயிரின் சுவடு என்று 1996-இல் சொன்னார்கள். உயிரின்றியும் அத்தகைய படிகங்கள் உருவாகலாம் என்ற எதிர்வாதத்தை அந்தக் கூற்றால் வெல்ல முடியவில்லை.

வடிவம், வேதியியல், ஐசோடோப்பு (ஒரே தனிமத்தின் எடை வேறுபட்ட அணுக்கள்), பாறை உருவான சூழல் நான்கும் ஒரே பக்கம் சாய்கின்றனவா என்று பாருங்கள். சல்ஃபேட்டைச் சுவாசிக்கும் பாக்டீரியாக்கள் கந்தகம்-34-ஐவிட லேசான கந்தகம்-32-ஐ விரும்பி எடுக்கும். அதனால் அவை செய்த பைரைட்டில் லேசானது கூடுதலாக இருக்கும். இதை வீட்டில் அளக்க முடியாது. ஒரு பல்கலைக்கழக ஆய்வகத்தை அணுகும்போது மாதிரியோடு மூன்று விவரங்களையும் கொண்டுபோங்கள்: எடுத்த இடத்தின் படமும் ஆழமும், எடுத்தபோது இருந்த பி.எச்., காற்றுப்பட்ட நேரம். கறுப்புச் சேறு என்றால் பாட்டிலை விளிம்புவரை நிரப்பிக் காற்றில்லாமல் மூடிக் குளிரில் வையுங்கள். இல்லாவிட்டால் நீங்கள் பார்த்த கனிமம் வழியிலேயே வேறொன்றாக மாறிவிடும்.